சட்டைப் பையில் பஞ்சு

உட்காருங்கள் தோழர், காலி இடம்தான். அந்த மிக்ஸியைக் கீழே வைக்காதீர்கள். ஆண்டிபட்டிக் கணவாயில் வண்டி வளையும்போது உருண்டுவிடும். மடியில் வைத்துக்கொள்ளுங்கள். ரிப்பேருக்கா? வாரண்டி மதுரையில்தானா? அப்படித்தான். விற்பதற்கு வாசல்வரை வருவான், பழுது என்றால் நாம்தான் சுமந்துகொண்டு போக வேண்டும். இதைப் பற்றி நான் ஒரு துண்டறிக்கையே எழுதியிருக்கிறேன். மிக்ஸி பற்றி அல்ல, கிரைண்டர் பற்றி.

என் பேச்சு கொஞ்சம் மேடைப் பேச்சு மாதிரி இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். நான் எட்டாம் வகுப்பு. மீதிப் படிப்பெல்லாம் துண்டறிக்கையில் படித்தது. அச்சில் இருப்பதுபோலத்தான் வாயிலும் வரும்.

டிரைவருக்குப் பின்னால் மூன்றாவது வரிசை, ஜன்னல் ஓரம், பச்சைச் சேலை. தெரிகிறதா? உடனே பார்க்காதீர்கள், திரும்பினால் கண்டுபிடித்துவிடுவாள். அது என் மனைவி பவுன்தாய். நாங்கள் இரண்டு பேரும் போடியில் ஒரே வீட்டிலிருந்து கிளம்பி, ஒரே பஸ்ஸில், மதுரையில் ஒரே இடத்துக்குப் போகிறோம். டிக்கெட் தனித்தனி. பேச்சுவார்த்தை முறிந்து பல நாட்கள் ஆகின்றன. கொண்டைக்கு மேலே வெள்ளையாக ஒட்டிக்கொண்டிருக்கிறதே, அது இலவம் பஞ்சு. காலையில் தலையணை அடைத்துவிட்டு அப்படியே கிளம்பி வந்துவிட்டாள். கண்ணாடி பார்க்கிற வழக்கம் கிடையாது. அதை விடுங்கள்.

நான் ஒன்றை நீக்கச் சொல்லப் போகிறேன். அவள் அதை நீக்கக் கூடாது என்று சொல்லப் போகிறாள். இன்று மாலைக்குள் முடிவாக வேண்டும். நாளைக்கு அது டெல்லிக்குப் போய்விடுகிறது. எது என்றா கேட்கிறீர்கள்? என் கை. சினிமாவில் இருக்கிற என் கை.

சினிமா என்றால் பாட்டு, சண்டை உள்ள சினிமா அல்ல. ஆவணப்படம். உண்மையான ஆட்களை உண்மையாகப் பேசவிட்டு எடுப்பது. ரோஸ்லின் என்று ஒரு பெண், திண்டுக்கல்காரி, மதுரையில் இருந்துகொண்டு எடுக்கிறாள். போன மாசியில் எங்கள் வீட்டுக்கு வந்தாள். ஒளிவுமறைவு இல்லாமல்தான் சொன்னாள். மனிதர்களுடைய காமம், ஆசை, உடம்பு, இதோடு ஒவ்வொருத்தரும் எப்படிக் காலம் தள்ளுகிறார்கள் என்பது பற்றிய படம். வயசானவர்களையும் கேட்கிறேன் அய்யா, அவர்களிடம் யாருமே கேட்பதில்லை என்றாள்.

நான் சரி என்றேன். ஏன் சரி என்றேன்? அதுதான் என் அனுபவம். எந்தத் தலைப்பைக் கொடுத்தாலும் பேச்சை வேலைநிறுத்தத்துக்குக் கொண்டுவந்துவிடுவேன். ஒரு தடவை கண் சிகிச்சை முகாமைத் தொடங்கிவைக்கக் கூப்பிட்டார்கள். கண்புரையில் ஆரம்பித்து, பஞ்சாலை முதலாளியின் பார்வைக் கோளாறுக்கு வந்து, எழுபத்தெட்டாம் வருஷ வேலைநிறுத்தத்தில் முடித்தேன். கேமரா வைத்துக்கொண்டு ஒருத்தி வீட்டுக்கு வருகிறாள். எங்கள் மில் மூடிப் பல காலம் ஆகிறது, அந்த இடத்தில் இப்போது கல்யாண மண்டபம். வேலைநிறுத்தத்தில் இருந்தவர்களில் பேசத் தெரிந்தவன் நான் ஒருத்தன்தான் மிச்சம். சன்னாசி என்று ஒரு தோழனை இழந்துதான் அது தொடங்கியது. எங்கள் துண்டறிக்கையைத் தவிர அவன் பெயர் எங்கேயும் பதிவாகவில்லை. நான் போய்விட்டால் அவன் இரண்டாவது முறை சாவான். அதனால் காமமோ, கண்புரையோ, கேமரா வந்தால் போதும் என்று முடிவெடுத்தேன்.

மூன்று மதியம் எடுத்தாள். மொத்தம் நாலு மணி நேரம் பேசியிருப்பேன். நான் நாற்காலியில். பவுன்தாய் எனக்கு முன்னால் கை எட்டுகிற தூரத்தில் தரையில் உட்கார்ந்து, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு காய் உடைத்துக்கொண்டிருந்தாள். மில் போன பிறகு அவளுக்கு இலவம் பஞ்சுதான் தொழில். காயை உடைத்துப் பஞ்சு எடுத்து, கொட்டை நீக்கி, தலையணை அடைப்பது. "அம்மா அங்கேயே இருக்கட்டும்யா" என்றாள் ரோஸ்லின். உழைக்கும் பெண் ஒருத்தி படத்தில் தெரிவது நல்லதுதான் என்று நானும் விட்டுவிட்டேன்.

"அய்யா, அம்மாவ மொதமொதல்ல எப்ப புடிச்சுது?" என்று கேட்டாள்.

"போனஸ் கோரிக்கை வைத்த வருஷம்" என்றேன். அங்கிருந்து போனஸுக்குப் போய்விட்டேன்.

"உடம்புன்னு ஒண்ணு நமக்கு இருக்குன்னு எப்பய்யா தெரிஞ்சுது?"

"லாக்கப்பில்."

"ஆசைன்னா என்னய்யா உங்களுக்கு?"

"எட்டு மணி நேர வேலை, எட்டு மணி நேர ஓய்வு, எட்டு மணி நேரம் மனிதனாக வாழ்தல்."

"அந்தக் கடைசி எட்டு மணி நேரத்துல என்ன பண்ணுவீங்க?"

"கமிட்டிக் கூட்டம்."

பவுன்தாய் முதுகு குலுங்கியது. தும்முகிறாள் என்று நினைத்தேன். பஞ்சு வேலையில் தும்மல் சகஜம்.

எல்லாவற்றையும் சொன்னேன் தோழர். கோரிக்கைகள், முத்தரப்புப் பேச்சுவார்த்தை, கதவடைப்பு, யார் கருங்காலி, யார் காட்டிக்கொடுத்தவன், சன்னாசி எப்படிச் செத்தான் எல்லாம். கேமராவுக்குப் பின்னால் இருந்த பையன் இரண்டாம் நாள் அழுதுவிட்டான். கண்ணில் பஞ்சு விழுந்தது என்று சொன்னான். நான் நம்பவில்லை.

இருங்கள், கண்டக்டர் வருகிறார்.

கேட்டீர்களா? மாத்திரை போட்டாயிற்றா என்று அந்தம்மா கேட்கச் சொன்னார்களாம். போட்டாயிற்று என்று சொல்லுங்கள் கண்டக்டர். அதற்கு மேல் ஒன்றும் சொல்ல வேண்டாம். இதைப் பேச்சுவார்த்தை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது தோழர். கதவடைப்பின்போதுகூட மில் ஆஸ்பத்திரி திறந்திருந்தது.

ரோஸ்லினுக்கு ஒரு விதி உண்டு. படத்தை டெல்லி மாதிரி வெளியூர்களில் திரையிட அனுப்புவதற்கு முன்னால் அதில் இருக்கிறவர்களுக்குப் போட்டுக் காட்டுவாள். யாராவது தன் பகுதியை வேண்டாம் என்றால் எடுத்துவிடுவாள். நல்ல விதி, நான் பாராட்டினேன். தலையணை வியாபாரி ஒருவரின் குடோனில் போட்டாள். சுவரில் வேட்டியைக் கட்டி, விற்காத மெத்தைகளில் நாங்கள் உட்கார்ந்து பார்த்தோம். காமத்தைப் பற்றிய படத்தை மெத்தையில் உட்கார்ந்து பார்ப்பது சரியில்லை என்று எனக்குத் தோன்றியது. ஆனால் வேறு இருக்கை இல்லை.

நியாயமாகச் சொன்னால் மற்றவர்கள் பகுதி நன்றாக இருந்தது. இட்லிக் கடை ராக்கம்மாள் வந்தாள். புருஷன் செத்து வெகு காலம். மாவைக் கரைத்துக்கொண்டே சொல்கிறாள்: "ஒருத்தர் இருக்காரு. அவரு வந்து நின்னாலே எனக்கு கரண்டி சூடு தெரியாது. அவருக்கு இது தெரியாது. தெரியவும் வேணாம். தெனம் நாலு இட்லி வாங்கிட்டுப் போவாரு." அவ்வளவுதான். குடோனில் இருந்த ஆம்பிளைகள் அத்தனை பேரும் தினம் எத்தனை இட்லி வாங்குகிறோம் என்று மனதுக்குள் எண்ணியது எனக்குக் கேட்டது. நான் மூன்று.

பிறகு ஒரு லாரி டிரைவர். முகம் இல்லை, ஸ்டீயரிங்கில் இருக்கும் கை மட்டும். பன்னிரண்டு வருஷம் தன்னோடு வண்டியில் வந்த கிளீனரைப் பற்றிச் சொல்கிறார். "ஊருக்குள்ள அவன் எனக்குக் கிளீனரு. குமுளி மேல ஏறிட்டா ஒரே டம்ளர்ல டீ குடிப்போம். எறங்கும்போது மறுபடி ரெண்டு டம்ளரு." அந்த ஆளும் குடோனில்தான் இருந்தார், எனக்குப் பக்கத்து மெத்தையில். "இருக்கட்டும்மா, போகட்டும்" என்று மட்டும் ரோஸ்லினிடம் சொன்னார். இரண்டு டம்ளர் முறையை எதிர்த்து நான் ஊர் ஊராகப் பேசியவன். இது வேறு மாதிரி இரண்டு டம்ளர். கண்டனத் தீர்மானம் கொண்டுவந்திருந்தால் ஆதரித்திருப்பேன். அவர் கேட்கவில்லை.

வளையல் விற்கிற திருநங்கை மேகலாவும் இருந்தாள். ஒருத்தருக்கு வளையல் போட்டுவிடும்போது கையைப் பிடிக்க எல்லோருக்கும் அனுமதி உண்டு, அந்த அனுமதிக்காகத்தான் இந்த வியாபாரம் என்று படத்தில் சொன்னாள். எனக்கு அது புரிந்தது. சங்கம் வைக்கிறவனும் அதற்காகத்தான் வைக்கிறான்.

அப்புறம் நான் வந்தேன். நாற்காலியில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கிறேன். சத்தம் இல்லை. வாய் மட்டும் அசைகிறது. சத்தம் போய்விட்டது என்று எழுந்து கத்தினேன். "இல்லய்யா, அப்படித்தான்" என்றாள் ரோஸ்லின். பேசிக்கொண்டே என் கை முன்னால் நீள்கிறது. பவுன்தாய் தலையிலிருந்து ஒரு இழை பஞ்சை எடுக்கிறது. அவளுக்குத் தெரியவில்லை, அவள் பாட்டுக்குக் காயை உடைக்கிறாள். எனக்கும் தெரிந்த மாதிரி இல்லை, நான் பாட்டுக்கு முதலாளியைத் திட்டிக்கொண்டிருக்கிறேன். அந்தக் கை அந்தப் பஞ்சைக் கீழே போடவில்லை. என் சட்டைப் பையில் போட்டது. மறுபடி எடுக்கிறது, மறுபடி பையில் போடுகிறது. அடுத்து வேறு சட்டை, வேறு நாள், அதே கை. மூன்று மதியத்தில் எத்தனை தடவை எடுத்தேனோ அத்தனையையும் பொறுக்கி ஒன்றாக ஒட்டியிருக்கிறாள். ஒரு பீடி குடித்து முடிக்கிற நேரம். அதோடு நான் முடிந்தேன். நாலு மணி நேரத்தில் ஒரு வார்த்தைகூட இல்லை. சன்னாசி இல்லை. கதவடைப்பு இல்லை. வெறும் கை.

குடோனில் யாரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் சமாளித்திருப்பேன். மேகலாதான் வாயைத் திறந்தாள். "தோழர், உங்க வாய் ஒரு யூனியன்ல இருக்கு, கை வேற யூனியன்ல இருக்கு போலயே."

பவுன்தாய் என்னைப் பார்க்கவில்லை. என் சட்டைப் பையைப் பார்த்தாள்.

வீட்டுக்கு வந்ததும் கொடியில் கிடந்த சட்டைகளை எல்லாம் எடுத்துப் பைகளைத் திருப்பினாள். ஒவ்வொன்றிலும் கொஞ்சம் இருந்தது. "நாப்பது வருசமா தொவைக்கிறேன்" என்றாள். "பையில பஞ்சு ஊறி ஒட்டிக்குது, ஒட்டிக்குதுன்னு திட்டிக்கிட்டே தொவைக்கிறேன். வேலையில ஒட்டுனதுன்னு நெனச்சேன். மில்லு மூடுன பெறகு ஏன் வருதுன்னு ஒருநாளும் கேக்கத் தோணல பாரு எனக்கு. இது என் தலையில எடுத்ததா?"

"குப்பையைக் கண்ட இடத்தில் போடக் கூடாது" என்றேன்.

"பீடித் துண்ட அடுப்பங்கரையில போடுறீங்களே."

"அது வேறு."

அப்போதுதான் சொன்னேன், அந்தப் பகுதியை நீக்கச் சொல்லப் போகிறேன் என்று. அவள் சட்டைகளை மடித்து வைத்துவிட்டு, "நீக்கிப் பாருங்க" என்றாள். அவ்வளவுதான். அதிலிருந்து பேச்சு இல்லை. சோறு வருகிறது, குழம்பு வருகிறது, பேச்சு வரவில்லை. ரோஸ்லினுக்குப் போன் செய்தேன். ஒரே காட்சியில் இரண்டு பேர், ஒருத்தர் வேண்டாம் என்கிறீர்கள், ஒருத்தர் வேண்டும் என்கிறார், இரண்டு பேரும் ஒன்றாக வந்து சொல்லுங்கள் என்கிறாள்.

என் தரப்பு என்ன? கேளுங்கள். அந்தக் கை பொய். கை பொய் இல்லை, கையை மட்டும் காட்டுவது பொய். அந்தக் கைக்குப் பின்னால் ஒரு வாசல் இருக்கிறது.

மில்லில் ஷிப்ட் முடிந்து வெளியே வரும்போது எல்லோர் தலையிலும் பஞ்சு இருக்கும். வாசலில் காவல்காரர்கள். ஆம்பிளைகளைச் சும்மா தட்டி அனுப்புவார்கள். பெண்கள் தலையில் ஒரு இழை தெரிந்தால் போதும், பஞ்சு திருடினாய் என்று தனி அறைக்குக் கூட்டிப் போய்ச் சோதனை போடுவார்கள். எப்படிச் சோதனை என்று நான் சொல்ல வேண்டியதில்லை. அதற்காகச் சங்கத்தில் ஒரு ஏற்பாடு செய்தோம். வாசலுக்கு வரும் முன்னால் ஒவ்வொரு ஆணும் ஒரு பெண்ணின் தலையைச் சுத்தம் செய்ய வேண்டும். எடுத்த பஞ்சைத் தரையில் போட்டால் கூட்டுகிறவளுக்கு அபராதம். அதனால் அவன் தன் பையில் போட்டுக்கொள்ள வேண்டும். பிடிபட்டால் அவன் பிடிபடட்டும். யாருக்கு யார் பொறுப்பு என்று பிரித்துக் கொடுத்தோம். பவுன்தாய் என் பொறுப்பில் வந்தாள்.

யார் பிரித்தது என்றா? நான்தான். அதனால் என்ன? யாராவது ஒருத்தர் பிரிக்க வேண்டுமே.

சன்னாசி கல்யாணம் ஆகாதவன், இருபத்திரண்டு வயசு. அவன் பொறுப்பில் ஒரு கிழவி. நூல் சுற்றுகிற ரீலிங் பிரிவில் இருந்தாள், தலையில் முடியைவிடப் பஞ்சு அதிகம். தினம் அவன் பை நிறைந்துவிடும். ஒருநாள் வாசலில் பையைக் காட்டு என்றார்கள். காட்ட மாட்டேன் என்றான். காட்டினால் யார் தலைப் பஞ்சு என்று கேட்பார்கள், கிழவியைக் கூட்டிப் போவார்கள். பையைக் கையால் மூடிக்கொண்டே நின்றான். அடித்தார்கள். மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் போய்விட்டான். கையை எடுக்கவே இல்லை என்றார்கள். அதிலிருந்துதான் வேலைநிறுத்தம். அதோடு அந்தச் சோதனை நின்றது.

அப்புறம் எனக்கும் பவுன்தாய்க்கும் கல்யாணம் நடந்தது. கொள்கைத் திருமணம். மாலை மாற்றினோம். வாழ்த்துரை ஏழு பேர். நன்றியுரை நானே சொன்னேன், அது மட்டும் ஒரு மணி நேரம். அவள் அதில் தூங்கிவிட்டாள் என்று ஊரில் சொல்வார்கள். காலை ஷிப்டுக்குப் போய் வந்தவள், தூங்கியிருக்கலாம்.

இந்த வாசல் கதையைக் கேமரா முன்னால் சொன்னீர்களா என்றுதானே கேட்க வருகிறீர்கள்? ரோஸ்லினும் போனில் அதையேதான் கேட்டாள். "நாலு மணி நேரம் பேசுனீங்கய்யா, பஞ்சுன்னு ஒரு வார்த்த வரலையே" என்றாள். வரவில்லைதான். நிர்வாகத்தின் அராஜகத் தாக்குதலில் தோழர் சன்னாசி வீரமரணம் என்று சொன்னேன். துண்டறிக்கையில் அப்படித்தான் போட்டோம். கிழவி தலைப் பஞ்சுக்காகச் செத்தான் என்று போட முடியுமா? கௌரவமாக இருக்காது. "இப்பச் சொல்லுங்கய்யா, வந்து எடுத்துக்கறேன்" என்றாள். இப்போது எப்படிச் சொல்வது? மில் இல்லை, வாசல் இல்லை, காவல்காரன் இல்லை, இந்த ஆள் இன்னும் எதற்குப் பையில் போடுகிறான் என்று கேட்பார்கள். அதற்குப் பதில் இருக்கிறது. பழக்கம். ஆனால் சொன்னால் நம்ப மாட்டார்கள். சன்னாசிக்குத் தனியாக ஒரு படம் எடுப்போம்யா, பிறகு, என்கிறாள். அடுத்த கூட்டத்தில் பரிசீலிக்கிறோம் என்று நிர்வாகம் சொன்னதை எத்தனை தடவை கேட்டவன் நான். அதனால் என் நிபந்தனை ஒன்றுதான். சன்னாசி இருந்தால் கை இருக்கட்டும். சன்னாசி இல்லையென்றால் கையும் இல்லை.

உசிலம்பட்டி வந்துவிட்டதா? சீக்கிரம்தான். அந்தப் பஞ்சைப் பாருங்கள், கணவாய்க் காற்றிலும் விழவில்லை. ஜன்னல் ஓரம்தானே உட்கார்ந்திருக்கிறாள், தானாகப் போக வேண்டாமா?

என்ன கண்டக்டர்? மறுபடியுமா?

"அந்த வாசல் கதைய அந்தம்மாவே சொல்லுமாம். சன்னாசிங்கிற பேரையும் அதுவே சொல்லுமாம். நீங்க கைய விட்டுக் குடுக்கணுமாம். எனக்கு ஒண்ணும் புரியல, சொல்லச் சொல்லுச்சு, சொல்லிட்டேன். அஞ்சு ரூவா சில்லறை இருக்கா?"

கேட்டீர்களா தோழர். என்னைக் கலக்காமல் தீர்வுத் திட்டம் அனுப்புகிறாள். இவள் கேமரா முன்னால் பேசியதே இல்லை. மூன்று மதியமும் வாயைத் திறக்கவில்லை, யாரும் கேட்கவும் இல்லை. ரோஸ்லின் கேட்டாள்தான். நான்தான் நடுவில் பேசினேன். இவள் சொன்னால் எப்படிச் சொல்வாள்? பஞ்சு, கிழவி, பை என்று சின்னச் சின்னதாகச் சொல்வாள். அராஜகம் என்ற சொல்லே வராது.

ஆனால் கிழவி பெயர் இவளுக்குத்தான் தெரியும். எனக்கு மறந்துவிட்டது. இரண்டு பேரும் ஒரே பிரிவு. கண்டக்டர், சில்லறை இந்தாருங்கள். ஒரு விளக்கம் மட்டும் கேட்டு வாருங்கள். அந்தக் கிழவி பெயர் என்ன என்று. வேறு ஒன்றும் கேட்க வேண்டாம்.

வெள்ளையம்மாளா?

ஆமாம். வெள்ளையம்மாள். சரிதான். சன்னாசி செத்த பிறகு அவள் மொட்டை போட்டுக்கொண்டு வேலைக்கு வந்தாள். கடைசிவரை முடி வளர்க்கவில்லை. எந்தத் துண்டறிக்கையிலும் அதை நாங்கள் போடவில்லை.

திட்டத்தைப் பரிசீலிக்க வேண்டும். உடனே ஒப்புக்கொள்வது முறையல்ல. செக்கானூரணி தாண்டட்டும்.

இல்லை, என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. நாலு பேர் வந்து போகிற பஸ்ஸில் தலையில் பஞ்சோடு உட்கார்ந்திருந்தால் பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்கள்? இது ஒழுங்கு சம்பந்தப்பட்ட விஷயம், நீங்கள் வேறு மாதிரி எடுத்துக்கொள்ளக் கூடாது. அந்த மிக்ஸியைக் கொஞ்சம் உயர்த்திப் பிடியுங்கள், நான் போய் வருகிறேன்.

வந்துவிட்டேன். உட்காரவில்லை, என் பையை எடுத்துக்கொள்ளத்தான் வந்தேன். அதோ, அந்தச் சிவப்புப் பை, எடுத்துக் கொடுங்கள். அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பக்கத்து சீட்டில் வைத்திருந்த கூடையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள், அவ்வளவுதான். பேச்சுவார்த்தை என்றால் நேரில் உட்கார்ந்து பேசுவதுதான் முறை. கண்டக்டரை அலைக்கழிப்பது ஒரு தொழிலாளிக்குச் செய்கிற அநியாயம்.

என்ன தோழர், என் சட்டைப் பையையே பார்க்கிறீர்கள்? பஸ்ஸுக்குள் குப்பை போடக் கூடாது என்று மேலே எழுதியிருக்கிறது, படியுங்கள்.